ராய் கிருஷ்ணாவின் ஓட்டம் – கடிதம்

வணக்கம்.

இந்தியாவின் ஐ.எஸ்.எல். கால்பந்து ஆட்டங்களைத் தொடர்ந்து பார்ப்பவன். ஃபிஜிக்காரர் ராய் கிருஷ்ணா 32 வயதில் கொல்கத்தாவுக்கு வந்து முதல் சீசனிலேயே 15 கோல் அடித்தார். ஆள் உயரமும் இல்லை. இங்கே டிஃபென்ஸ் சுமார், அதனால்தான் அடித்தார் என்கிறார்கள் நண்பர்கள். அப்படித்தானா? ஃபார்வர்டாக ஆடும் என் மகன் அவரிடம் எதைப் பார்த்துக் கற்றுக்கொள்ளலாம்?

கா., திருச்சி

அன்புள்ள கா.,

நண்பர்கள் அவருடைய முந்தைய சீசனை மறந்துவிட்டார்கள். 2018-19இல் ஆஸ்திரேலியாவின் ஏ-லீகில் வெலிங்டன் ஃபீனிக்ஸுக்காக ஆடி, அதிக கோல் அடித்தவருக்கான கோல்டன் பூட்டையும் சிறந்த ஆட்டக்காரருக்கான ஜானி வாரன் பதக்கத்தையும் வாங்கிவிட்டுத்தான் இங்கே வந்தார்.

தாமதமாகத் தெரியவந்ததற்குக் காரணம் ஊர். ஃபிஜியில் ரக்பிதான் ராஜா. வனுவா லெவு தீவின் லம்பாசாவிலிருந்து கிளம்பியவருக்கு அடுத்த படி நியூசிலாந்தின் உள்ளூர் லீக். வைடாகெரே யுனைடெட்டில் சில வருடங்கள், பிறகு ஆக்லாந்து சிட்டி. வெலிங்டனில் முழுநேரத் தொழில்முறை ஆட்டக்காரரானபோது வயது 26. திறமை அதற்கு முன்பே இருந்தது: 2008 நவம்பரில் லௌடோகாவில் ஃபிஜி நியூசிலாந்தை 2-0 என்று வென்றபோது இரண்டு கோலும் அவருடையவை. 2016 ரியோ ஒலிம்பிக்கில் ஃபிஜி மூன்று ஆட்டத்திலும் தோற்று 23 கோல் வாங்கியது; அடித்தது ஒன்றே ஒன்று, மெக்சிகோவுக்கு எதிராக கிருஷ்ணா தலையால் முட்டியது.

இனி உங்கள் மகனுக்கு. கிருஷ்ணாவைப் பார்க்கும்போது பந்தைப் பார்க்கக் கூடாது. அவர் சென்டர்-பேக்கின் (நடுவில் நிற்கும் டிஃபெண்டர்) முதுகுப் பக்கத் தோளருகே நிற்பார்; பந்தையும் ஆளையும் ஒரே பார்வையில் பிடிக்க முடியாமல் டிஃபெண்டர் தவிப்பார். பாஸ் கொடுப்பவர் தலை நிமிர்ந்ததும், கோலை நோக்கி நேராகப் பாயாமல் முதலில் டிஃபென்ஸ் கோட்டுக்கு இணையாக இரண்டு மூன்று அடி ஓடி, அப்புறம்தான் வளைந்து உள்ளே போவார். நேராக ஓடுபவன் அரை நொடி முந்தினாலும் ஆஃப்சைட், அதாவது பாஸ் கிளம்பும்போதே டிஃபென்ஸ் கோட்டைத் தாண்டி நின்ற தவறு. வளைந்து ஓடினால் பாஸ் தாமதமானாலும் கோட்டிலேயே காத்திருக்கலாம், வேகமும் குறையாது. முதல் தொடுதலில் பந்தை டிஃபெண்டர் ஓடிவரும் வழிக்குக் குறுக்கே தட்டுவது அடுத்த வேலை. பின்னால் வருபவர் இடித்தால் ஃபவுல், இடிக்காவிட்டால் ஷாட். உயரம் இங்கே தேவையே இல்லை.

ஆனால் இந்த ஓட்டம் தனியாளாகச் செய்யக்கூடியதல்ல. இன்னொருவர் முன்னே இறங்கிவந்து ஒரு சென்டர்-பேக்கை இழுத்தால்தான் இடைவெளி திறக்கும். வெலிங்டனில் அதைச் செய்த டேவிட் வில்லியம்ஸையும் கொல்கத்தா அணியான ஏ.டி.கே. சேர்த்தே எடுத்தது, பயிற்சியாளர் அன்டோனியோ ஹபாஸின் 3-5-2 அமைப்பில் (முன்னால் இரண்டு ஃபார்வர்டுகள்) இருவரும் அதே ஜோடி. கிருஷ்ணாவை மட்டும் புகழ்பவர்கள் வில்லியம்ஸின் கூலியைக் கொடுக்க மறக்கிறார்கள் என்பது என் எண்ணம். பின்னாளில் பெங்களூரு அணியில் கிருஷ்ணாவுடன் முன்வரிசையில் ஓடியவர் நம் காரைக்குடிப் பையன் சிவசக்தி நாராயணன்.

எதிரணி தன் பெனால்டி பெட்டிக்குள்ளேயே எட்டுப் பேரை நிறுத்திவிட்டால் முதுகுக்குப் பின்னால் ஓட இடமே இருக்காது. அப்போது கிருஷ்ணா ஓரத்துக்குப் போய்ப் பந்து கேட்பார், கோலிலிருந்து விலகிவிடுவார். தன் பெட்டிக்குள் டிஃபென்ஸ் செய்ய இறங்கும்போதும் ஆபத்து. 2023 ஐ.எஸ்.எல். இறுதிப் போட்டியில் பெங்களூருவுக்காக ஆடியபோது கார்னரைத் தடுக்க வந்து கையில் பந்து பட, மோகன் பகானுக்கு பெனால்டி. அதே ஆட்டத்தில் 78ஆவது நிமிடம் கார்னரில் தலையால் முட்டி பெங்களூருவை 2-1 என்று முன்னிலைக்கும் கொண்டுவந்தார். கடைசியில் பெனால்டி ஷூட்-அவுட்டில் தோல்வி.

மகனுக்கு முதலில் 2020 மார்ச்சில் பெங்களூருவுக்கு எதிரான அரையிறுதி இரண்டாம் ஆட்டத்தைக் காட்டுங்கள். முதல் ஆட்டத்தில் 0-1 தோற்றிருந்த ஏ.டி.கே. அன்று 3-1 ஜெயித்தது. கிருஷ்ணா ஒன்று, வில்லியம்ஸ் இரண்டு. பத்து நிமிடம் கிருஷ்ணாவை மட்டும், அடுத்த பத்து நிமிடம் வில்லியம்ஸை மட்டும் பார்க்கட்டும். ஹைலைட்ஸ் உதவாது; அதில் ஓட்டத்தின் தொடக்கத்தை வெட்டிவிடுவார்கள்.