அப்பீல் நோட்டீஸ் வந்ததற்காகப் பாதிக்குக் கையெழுத்துப் போட வேண்டாம்

கேள்வி: என் கணவர் திருச்செங்கோட்டில் லாரி டிரைவர். வயது 35, சம்பளம் 18,000 ரூபாய். 2022-ல் லோடு கொண்டுபோகும்போது நடந்த விபத்தில் இடது காலை முழங்காலுக்குக் கீழே எடுத்துவிட்டார்கள். தொழிலாளர் துணை ஆணையர் 17,73,540 ரூபாய் தரச் சொல்லி உத்தரவிட்டார். ஊனம் 50 சதவீதம்தான் என்று இன்சூரன்ஸ் கம்பெனி ஹைகோர்ட்டில் அப்பீல் போட்டிருக்கிறது. பாதித் தொகைக்கு ஒத்துக்கொண்டால் லோக் அதாலத்தில் (சமரச நீதிமன்றம்) முடித்துவிடலாம் என்று ஒருவர் வீடு தேடி வந்து சொல்கிறார். என்ன செய்வது?

பதில்: அம்மா, முதலில் எதிலும் கையெழுத்துப் போடாதீர்கள். லோக் அதாலத்தில் ஒருமுறை ஒத்துக்கொண்டால் அதன்மேல் அப்பீல் கிடையாது. உங்கள் கையில் இருப்பது ஜெயித்த உத்தரவு.

நோட்டீஸை எடுத்து எண்ணைப் பாருங்கள். ‘சி.எம்.ஏ.’ (சிவில் இதர மேல்முறையீடு) என்று எண் போட்டிருந்தால் அப்பீல் கோப்புக்கு ஏறிவிட்டது. தாக்கல் செய்ததும் தரும் ‘எஸ்.ஆர்.’ எண் மட்டும் இருந்தால் இன்னும் ஏறவில்லை. அநேகமாக 60 நாள் கெடு தாண்டிப் போட்டு, தாமதத்தை மன்னிக்கச் சொல்லிக் கேட்கிறார்கள். அந்தக் கட்டத்திலேயே வக்கீல் வைத்து எதிர்க்கலாம்.

பணம் எங்கே என்பதுதான் அடுத்தது. உங்களுடையது 2022 விபத்து என்பதால் அப்போதிருந்த தொழிலாளர் இழப்பீட்டுச் சட்டம்தான் பொருந்தும். அதன் 30-வது பிரிவின்படி, தீர்ப்புத் தொகையை ஆணையரிடம் கட்டிச் சான்றிதழ் வாங்கி இணைத்தால்தான் முதலாளி தரப்பில் அப்பீல் போட முடியும். அவர் இடத்தில் நிற்கும் இன்சூரன்ஸ் கம்பெனிக்கும் இதே நிபந்தனைதான். ஆகவே ஆணையர் அலுவலகத்துக்குப் போய், எந்தத் தேதியில் எவ்வளவு கட்டியிருக்கிறார்கள் என்று கேளுங்கள். அப்புறம், அதில் ஒரு பகுதியையாவது எடுக்க அனுமதி கேட்டு அப்பீலிலேயே மனுப் போடுங்கள். அப்பீல் பல வருடம் இழுக்குமே என்ற பயம் இருந்தால், அதற்கு நேரான மருந்து இந்த மனுதான்.

சரி, அப்பீலில் என்ன பேச முடியும்? முக்கியமான சட்டக் கேள்வி இருந்தால்தான் ஹைகோர்ட் தலையிடலாம். சாட்சியத்தை மறுபடி எடைபோட முடியாது, உண்மை விவரங்களில் ஆணையர் முடிவே கடைசி என்று கோல்லா ராஜண்ணா வழக்கில் சுப்ரீம் கோர்ட் தெளிவாகச் சொல்லியிருக்கிறது.

50 சதவீதம் என்பது சட்டத்தின் அட்டவணையில் இருக்கும் எண். அதைக் காட்டி, இதுதான் சட்டக் கேள்வி என்று அவர்கள் வாதாடுவார்கள். ஆனால் கிளட்ச் மிதிக்கும் கால் போன பிறகு அவர் எந்த லாரியை ஓட்டுவார்? இடது கை போன தச்சருக்கு, தச்சு வேலைக்கு இனி லாயக்கில்லை என்பதால் 100 சதவீத இழப்பு என்று 1975-லேயே பிரதாப் நாராயண் சிங் தியோ வழக்கில் சுப்ரீம் கோர்ட் ஏற்றுக்கொண்டது. கால் இழந்த லாரி டிரைவர் வழக்கிலும் அப்படியே. உங்கள் கணக்கும் அதன்படி போட்டதுதான்: சம்பளம் 18,000 ஆனாலும் அப்போது கணக்குக்கு எடுக்கும் சம்பள உச்சவரம்பு 15,000, அதில் 60 சதவீதம் 9,000, சட்டத்தின் அட்டவணையில் 35 வயதுக்குத் தந்திருக்கும் பெருக்கு எண் (காரணி) 197.06. பெருக்கிப் பாருங்கள், ரூபாய் சுத்தமாக வரும்.

இன்னொன்று, பலர் கோட்டை விடுவது. உத்தரவின் கடைசிப் பக்கத்தில் வட்டி எந்தத் தேதியிலிருந்து என்று படியுங்கள். இழப்பீடு விபத்து நடந்த அன்றே தர வேண்டியதாகிவிடுகிறது. ஒரு மாதத்துக்குள் தராவிட்டால் 12 சதவீத வட்டி. உங்கள் தொகைக்கு அது வருடத்துக்கு சுமார் 2,12,800 ரூபாய். ‘உத்தரவு தேதியிலிருந்து 30 நாளில் கட்டத் தவறினால் வட்டி’ என்று மட்டும் எழுதியிருந்தால், விபத்திலிருந்து உத்தரவு வரையிலான வட்டி போய்விட்டது என்று அர்த்தம். அதைக் கேட்டு நீங்களே தனியாக அப்பீல் போட வேண்டும். உங்களுக்கும் 60 நாள்தான் கெடு. தாண்டியிருந்தால் காரணம் சொல்லித் தாமத மன்னிப்பு மனுவோடு போடலாம். இனி ஒரு வாரம்கூடத் தள்ளாதீர்கள்.

வக்கீல் செலவுக்கு யோசிக்க வேண்டாம். மாற்றுத்திறனாளி என்பதாலேயே, வருமானம் பார்க்காமல் உங்கள் கணவருக்கு இலவச சட்ட உதவி உண்டு. உத்தரவின் சான்றிட்ட நகல், ஊனச் சான்றிதழ், டிரைவிங் லைசென்ஸ், இந்த நோட்டீஸ் நான்கையும் எடுத்துக்கொண்டு உயர் நீதிமன்ற சட்டப் பணிகள் குழுவுக்குப் போங்கள். முடிந்தால் அவரையும் கூட்டிக்கொண்டு போங்கள், வக்கீலுக்கு அதிகாரம் தரும் வக்காலத்தில் கையெழுத்து அவருடையதுதான் வேண்டும்.