கடலுக்குப் போக மறுக்கும் கணவர்

கேள்வி: என் கணவர் விசைப்படகில் தொழிலுக்குச் செல்பவர். சென்ற ஆண்டு படகு கவிழ்ந்ததில் உடன் சென்றவர் அவர் கண்ணெதிரிலேயே மூழ்கிவிட்டார். அன்று முதல் இவர் கடலுக்குப் போவதில்லை; இரவில் அலறி எழுகிறார்; நடந்ததைப் பேசவும் மறுக்கிறார். கண்களை அசைக்கச் செய்து பயத்தைப் போக்கும் சிகிச்சை உண்டாமே, நம்பலாமா? நாயைக் கண்டால் நடுங்கும் என் மகளுக்கும் அது உதவுமா?
— வாசகி, தங்கச்சிமடம்

பதில்: சகோதரி, உங்கள் கணவரைப் பொறுத்தவரை நம்பலாம். ஈ.எம்.டி.ஆர். எனப்படும் இம்முறையை அமெரிக்க உளவியலாளர் பிரான்சின் ஷாப்பிரோ 1987-இல் உருவாக்கத் தொடங்கினார். பேரதிர்ச்சிக்குப் பின் நீடிக்கும் மனக்கோளாறுக்கு இதனை உலக சுகாதார நிறுவனம் 2013-இல் பரிந்துரைத்தது. அந்த நாளின் மிகக் கொடிய காட்சியையும், அப்போது எழும் எண்ணத்தையும், உடலில் தோன்றும் படபடப்பையும் மனத்தில் நிறுத்தியபடியே, இடமும் வலமுமாக அசையும் சிகிச்சையாளரின் விரல்களை உங்கள் கணவர் கண்களால் தொடர வேண்டும். சில விநாடிகளில் நிறுத்தி, மனத்தில் என்ன தோன்றியது என்று கேட்பார்கள். வேதனை தணியும்வரை இது திரும்பத் திரும்ப நடக்கும். நினைவு அழியாது, அதன் கூர்மைதான் மழுங்கும். நடந்ததை விரிவாக விவரிக்க வேண்டியதில்லை என்பதால், வாய்திறக்க மறுக்கும் உங்கள் கணவருக்கு இது பொருந்தும் என்றே கருதுகிறேன்.

காட்சியை நினைத்தபடியே கண்ணையும் அசைக்கும்போது மனத்தின் கவனம் இரண்டாகப் பிரிவதால் அந்த நினைவின் வேகம் குறைகிறது என்பது ஒரு விளக்கம். ஆனால் பலன் கண்ணசைவால் வருகிறதா, பாதுகாப்பான சூழலில் அந்நினைவை எதிர்கொள்வதால் வருகிறதா என்ற விவாதம் ஆய்வாளர்களிடையே இன்னும் முடியவில்லை. ஆகவே கைப்பேசிக் காணொளியைப் பார்த்து வீட்டில் முயலாதீர்கள். முறையாகப் பயின்றவர், முதலில் அவரது மனநிலையை ஆராய்ந்து, கலக்கம் மிகுந்தால் தன்னை அமைதிப்படுத்திக்கொள்ளும் வழிகளைக் கற்பித்த பின்னரே, அந்த நினைவைத் தொடுவார்.

மகளுக்கு இது முதல் தேர்வன்று. குறிப்பிட்ட ஒன்றின் மீதான அச்சத்துக்கு, படத்தில் நாயைப் பார்ப்பது, தொலைவில் நின்று பார்ப்பது, பிறகு அருகே செல்வது எனப் படிப்படியாகப் பழக்கும் சிகிச்சைக்கே வலுவான சான்றுகள் உள்ளன.

இராமநாதபுரம் அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனையில் மனநல மருத்துவரை முதலில் பாருங்கள். அரசின் தொலைபேசி மனநல உதவிச் சேவையான டெலி மனாஸை 14416 என்ற எண்ணில் அழைத்து, கட்டணமின்றித் தமிழிலேயே பேசலாம். சாவைப் பற்றி அவர் பேசினால் ஒரு நாளும் தாமதிக்காதீர்கள். அதுவரை, ‘ஆம்பளைக்கு என்ன பயம்’ என்று சொல்லி அவரைப் படகில் ஏற்ற எவரையும் அனுமதிக்க வேண்டாம்.