தோட்டத்துக் கேள்வி பதில்: விழுந்த இலையைக் கையில் எடுத்துப் பாருங்கள்

கேள்வி: அண்ணா, எங்களுக்கு மூன்று ஏக்கர் கித்தா (ரப்பர்) இருக்கிறது. மாசியில் இலை உதிர்ந்து நன்றாகத்தான் துளிர்த்தது. இப்போது ஆடியில் மறுபடியும் கொட்டுகிறது, பாலும் குறைந்துவிட்டது. பக்கத்துக் காட்டுக்காரர் கந்தகம் அடிக்கச் சொல்கிறார். அடிக்கலாமா? விழுந்த இலை நான்கை இத்துடன் வைத்திருக்கிறேன்.
– வாசகி, சுங்கை சிப்புட்

பதில்: தங்கச்சி, கந்தகம் வாங்க வேண்டாம். இலையை வைத்து அனுப்பியது ரொம்ப நல்லதாகப் போயிற்று. ஜன்னல் வெளிச்சத்தில் வைத்துப் பார்த்தேன். நான்கும் முற்றிய இலைகள். ஐந்து சென் காசு அகலத்துக்கு வட்ட வட்டமாகப் புள்ளிகள். ஓரம் கரும்பழுப்பு, நடுப்பகுதி வெளுத்துக் காகிதம்போல் காய்ந்திருக்கிறது. ஒரு புள்ளியை நகத்தால் தொட்டதும் பொத்துக்கொண்டது.

கந்தகம் கேட்கிற நோய் வேறு. அது சாம்பல் நோய். மரம் துளிர்க்கும்போது செம்பு நிறத்தில் இருக்கும் இளந்தளிரில் மாவு தூவியதுபோல் படரும். நான் தோட்டத்தில் வெளிக்காட்டு வேலையை மேற்பார்க்கும் கிராணியாக இருந்த காலத்தில், மாசி பங்குனியில் விடியுமுன்னே ஆட்கள் தூள் ஊதும் இயந்திரத்தோடு காட்டில் இறங்குவார்கள். இலையில் பனி ஈரம் இருக்கவேண்டும், காற்று எழும்பியிருக்கக் கூடாது. அப்போது ஊதினால்தான் தூள் புகையாக உச்சிவரை ஏறி ஒட்டும். வாரம் ஒரு தடவை வீதம் நாலைந்து முறை ஊதுவோம். வீடு திரும்பினால் கண் எரியும். சட்டையைக் கொல்லைப்புறத்திலேயே கழற்றிவிட்டு வரச் சொல்வாள் என் மனைவி. அத்தனை பாடும் தளிரைக் காப்பாற்றத்தான். உங்கள் மரத்தில் உதிர்வது முற்றிய இலை. அதற்குக் கந்தகம் ஊதினால் காசுதான் காற்றில் போகும்.

என் கண்ணுக்கு இது பெஸ்டலோட்டியோப்சிஸ் என்ற பூஞ்சணத்தால் வருகிற இலையுதிர்வு. 2016இல் சுமத்ராவில் தெரியவந்தது, அடுத்த ஆண்டே நம் மலேசியாவிலும் கண்டுபிடித்தார்கள். மழைக்குப் பிறகு வேகம் பிடிக்கும், ஒரே ஆண்டில் திரும்பத் திரும்ப வரும். பால் ஏன் குறைகிறது என்று கேட்டால், இலை சமைக்கிற சர்க்கரையில் இருந்துதான் பால் ஊறுகிறது. அடுப்பே அணைந்தால் பால் பிடிக்கிற மங்கில் என்ன விழும்? பால் குறைகிறதே என்று அதிக நாள் பட்டையைச் சீவிப் பால் வெட்டத் தோன்றும். தயவுசெய்து அதைச் செய்யாதீர்கள். ஒரு நாள் விட்டு ஒரு நாள் வெட்டுகிறவர் என்றால் இரண்டு நாள் இடைவெளி விடுங்கள். உச்சி பாதிக்கு மேல் மொட்டையாகிவிட்டால், மறுபடி துளிர்த்து இலை முற்றும்வரை கத்தியை எடுத்து வைத்துவிடுங்கள். வருமானம் அடிபடும், எனக்குத் தெரியும். ஆனால் களைத்த மரத்தை வெட்டினால் பட்டை காய்ந்து, பிறகு வெட்டுவதற்கே மரம் இருக்காது.

உரம் தவறாமல் போடுங்கள், நிரைக்கு நடுவே புல்லையும் புதரையும் வெட்டிக் காற்றோட்டம் கொடுங்கள். ஹெக்ஸகொனசோல் போன்ற மருந்துகள் இருக்கின்றன. ஆனால் அவ்வளவு உயரத்துக்கு, முதுகில் மாட்டும் தெளிப்பான் எட்டாது. புகையாக ஏற்றும் இயந்திரம் வேண்டும். அதைத் தனியாக வாடகைக்கு எடுக்கக் கிளம்பாதீர்கள். இலைகளோடு ரிஸ்டா (சிறுதோட்டக்காரர்களுக்கான அரசு ரப்பர் வாரியம்) அலுவலகத்துக்குப் போய் நோயை உறுதி செய்துகொண்டு, பக்கத்துக் காட்டுக்காரர்களையும் சேர்த்துக்கொண்டு பேசுங்கள். பூஞ்சணம் எல்லைக்கல் பார்த்துப் பரவுவதில்லை.

இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். புள்ளி வட்டமாக இல்லாமல் நரம்பு ஓரமாக மீன் முள்போல் கருத்திருந்தால் அது கொரினெஸ்போரா என்ற வேறொரு பூஞ்சண நோய். இலங்கையில் 1980களில் ஆர்.ஆர்.ஐ.சி. 103 என்ற கித்தா ஒட்டுரகத்தையே பிடுங்கி எறிய வைத்த நோய் அது. அப்படி ஒரே ஓர் இலை கண்ணில் பட்டாலும் உடனே சொல்லுங்கள்.

கேள்வி: கித்தா பிறந்த பிரேசிலிலேயே பெருந்தோட்டம் ஏன் நிலைக்கவில்லை?
– மாணவர், ஈப்போ

பதில்: அங்கே ஓர் இலைக்கருகல் பூஞ்சணம் இருக்கிறது. 1920களின் கடைசியில் ஹென்றி ஃபோர்டு அமேசானில் போட்ட தோட்டத்தில் மரங்களை நெருக்கி நட்டார்கள். நோய் மரத்துக்கு மரம் தாவியது. 1945இல் நிலத்தைப் பிரேசில் அரசுக்கே திருப்பிக் கொடுத்தார்கள். அந்த நோய் இன்றுவரை நம் பக்கம் கால் வைக்கவில்லை. நம் நாட்டில் 1877இல் நட்ட கித்தா மரங்களில் மிஞ்சிய ஒன்று கோலாகங்சாரில் நிற்கிறது, போய்ப் பாருங்கள்.

கேள்வி: ஐயா, என் மகன் சபாவில் யூகலிப்டஸ் நாற்றுத் தவரணையில் வேலை செய்கிறான். கன்றுகளில் அடி இலை கருகி உதிர்கிறதாம். கித்தா நோய்தான் தொற்றியதா?
– ஒரு தாய், தெலுக் இந்தான்

பதில்: இல்லையம்மா, அது வேறு குடும்பம். தைலமரக் கன்றில் அடி இலையில் நீர் கோத்த சாம்பல் புள்ளி தோன்றிக் கருகினால் முதலில் கலோனெக்ட்ரியா என்ற பூஞ்சணத்தைத்தான் சந்தேகிக்க வேண்டும். ஈர இலையும் நெருக்கமும் கிடைத்தால் தவரணை முழுக்க ஓடிவிடும். கருகுவது அடி இலையாக இல்லாமல் இளந்தளிராக இருந்து, அது முறுக்கிக்கொண்டு அடிப்புறத்தில் கரும்பொடி தெரிந்தால் அது டெரடோஸ்ஃபேரியா என்ற இன்னொரு பூஞ்சணம். 1990களில் வட சுமத்ராவில் முதலில் கண்ட நோய்.

சாயங்காலம் தண்ணீர் விட்டால் இலை ராத்திரி முழுக்க நனைந்தே கிடக்கும். காலையில், வேரடியில் விடச் சொல்லுங்கள். கன்றுகளைத் தள்ளித் தள்ளி வைக்கட்டும், உதிர்ந்த இலையைப் பொறுக்கித் தவரணைக்கு வெளியே அப்புறப்படுத்தட்டும். எந்த இலை முதலில் கருகுகிறது, எத்தனை மணிக்குத் தண்ணீர் விடுகிறார்கள் என்று மகனைக் கேட்டு எழுதுங்கள்.