கே. பி. சுந்தராம்பாள் நல்ல நடிகையா, அல்லது நல்ல குரல் மட்டும்தானா?

கேட்டவர் 'திருவிளையாடல்' பார்த்துவிட்டுக் கேட்டிருக்கிறார். அவ்வையாராக வருகிறார், நின்ற இடத்தில் நின்று பாடுகிறார், போகிறார். இதில் நடிப்பு எங்கே என்று. நியாயமான சந்தேகம்தான். நான் முல்லைத்தீவுப் பக்கத்து ஆள், விடிய விடியக் கூத்துப் பார்த்து வளர்ந்தவன். அந்தக் கண்ணோடுதான் பதில் சொல்ல முடியும்.

'திருவிளையாடல்' வந்தது 1965இல். சுந்தராம்பாள் பிறந்தது 1908இல், கொடுமுடியில். அதாவது நீங்கள் பார்த்தது ஐம்பது வயதைத் தாண்டிய, மேடையில் பல ஆண்டு கழித்துவிட்ட ஒருவரை. வறுமையில் வளர்ந்து, ரயிலில் பாடிக் காசு வாங்கிய பிள்ளை அவர். அந்தக் குரலைக் கேட்டுத்தான் நாடகக் கம்பெனிக்காரர் கூட்டிப்போனார்கள். 'நல்லதங்காள்' நாடகத்தில் பிள்ளை வேடத்தில் தொடங்கியது அவருடைய மேடை வாழ்க்கை. மைக் இல்லாத காலம். கடைசி வரிசையில் இருப்பவனுக்கும் ஒவ்வொரு சொல்லும் விளங்க வேண்டும், இல்லாவிட்டால் அடுத்த நாள் கொட்டகை காலி. அப்படிப் பாடுகிறவர் கையைக் காலை ஆட்டிக்கொண்டு ஓடித் திரிய முடியாது. மூச்சைக் கட்டி, ஊன்றி நின்றால்தான் குரல் போகும். முள்ளியவளையில் கோவலன் கூத்து ஆடும் வயதான அண்ணாவிமாரை, அதாவது கூத்துப் பழக்கும் ஆசான்களைப் பாருங்கள். ஆட்டம் ஓய்ந்து பாட்டு உச்சத்துக்குப் போகிற இடத்தில் உடம்பு அப்படியே நின்றுவிடும், முகமும் குரலும் மட்டும் வேலை செய்யும். சுந்தராம்பாளிடம் நீங்கள் பார்த்த 'நிற்பது' இந்தப் பழக்கம்தான்.

எங்கள் நாட்டுக்கும் அவருக்கும் உள்ள தொடர்பைப் பலர் மறந்துவிடுகிறார்கள். அந்தக் காலத்தில் தமிழ்நாட்டுக் கம்பெனிகள் கப்பலேறி இலங்கைக்கு வந்து மாதக்கணக்கில் நாடகம் போட்டன. சுந்தராம்பாளும் அப்படி வந்தவர். செங்கோட்டை எஸ். ஜி. கிட்டப்பாவோடு அவர் மேடையில் சேர்ந்தது கொழும்பில். 1927இல் கல்யாணம். கிட்டப்பாவுக்கு ஏற்கெனவே ஒரு மனைவி இருந்தார் என்பதால் அது சுகமான வாழ்க்கையாக அமையவில்லை. ஆனால் 'வள்ளி திருமணம்' போன்ற நாடகங்களில் இந்த ஜோடிக்குக் கூடிய கூட்டம் வேறு எவருக்கும் கூடவில்லை. 1933 டிசம்பரில் கிட்டப்பா இறந்துபோனார். அவருக்கு வயது 27, சுந்தராம்பாளுக்கு 25.

அதற்குப் பிறகு வெள்ளைச் சேலைதான். எந்த ஆணுக்கும் ஜோடியாக நடிப்பதில்லை என்று முடிவெடுத்தார், கடைசிவரை அதில் நின்றார். ஒரு நடிகைக்கு இது தொழிலையே முடித்துவிடக்கூடிய முடிவு. என்ன நடந்தது பாருங்கள்: 1935இல் 'பக்த நந்தனார்' படத்துக்கு ஒரு லட்சம் ரூபாய் சம்பளம் கொடுத்துக் கூப்பிட்டார்கள். அந்தக் காலத்து ஒரு லட்சம்! வேடமோ நந்தனார், ஆண் வேடம். ஜோடிப் பிரச்சினையே இல்லை. வேதியராக வந்தவர் சங்கீத வித்துவான் மகாராஜபுரம் விசுவநாத ஐயர். எங்கள் கூத்தில் ஆம்பிளைகள் கண்ணகியாகவும் மாதவியாகவும் சேலை கட்டி ஆடுவதைப் பார்த்தே பழகிய எனக்கு, ஒரு பெண் ஆண் வேடம் கட்டி அப்படியொரு சம்பளம் வாங்கினார் என்பதில் ஒரு தனிச் சந்தோசம். படத்தைக் கல்கி கிண்டலடித்து எழுதினார் என்பதையும் சொல்லிவிட வேண்டும். பிரதி இன்று கிடைப்பதில்லை, ஆகவே நாம் தீர்ப்புச் சொல்ல வழியில்லை.

பிறகு வந்த வேடங்களை வரிசையாகப் பாருங்கள். 1940இல் 'மணிமேகலை', 1953இல் ஜெமினியின் 'அவ்வையார்', 1964இல் 'பூம்புகார்' படத்தில் கவுந்தியடிகள், 1973இல் 'காரைக்கால் அம்மையார்'. துறவிகள், கிழவிகள், பக்தைகள். நாற்பது வயதில் அம்மா வேடத்துக்குத் தள்ளப்பட்ட நடிகைகளின் கதை தெரியும்தானே? இவர் இருபத்தைந்திலேயே காதலி வேடத்தை உதறிவிட்டதால், வயது அவரிடமிருந்து எதையும் பறிக்கவில்லை.

'பூம்புகார்' எங்கள் பக்கத்தில் வேறு விதமாகப் பார்க்கப்படும் படம். வற்றாப்பளைக் கண்ணகி அம்மனுக்கு வைகாசிப் பொங்கல் வைக்கிற சனம் இது, கண்ணகி கதையை யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. படம் பார்க்கும்போது என் அம்மம்மா கண்ணகியை விட்டுவிட்டுக் கவுந்தியடிகளைத்தான் பார்த்துக்கொண்டிருப்பார். "அவ கதைக்கேக்கையும் பாடுற மாதிரித்தான் இருக்கு" என்பார். அது பாராட்டா குறையா என்று கேட்டால் சிரிப்பார். என்னைக் கேட்டால் இரண்டும்தான். அந்தப் படத்தில் தெய்வம் எங்கே என்று கேட்கும் ஒரு வரியைப் பாட மறுத்து மாற்ற வைத்தார் என்று சொல்வார்கள். வசனம் எழுதியவர் மு. கருணாநிதி என்பதை நினைத்தால் அந்தப் பிடிவாதத்தின் அளவு விளங்கும்.

அரசியலும் உண்டு. காங்கிரஸ் மேடைகளில் பாடிக் கூட்டம் சேர்த்தவர், 1951இல் சென்னை மேலவை உறுப்பினரானார். 1970இல் பத்மஸ்ரீ. 'துணைவன்' படத்துக்குத் தேசிய விருது கிடைத்தது, ஆனால் அது பாட்டுக்கு. உங்கள் பக்கத்துக்கு ஒரு புள்ளி!

சரி, நடிகையா குரலா? அவருடைய நடிப்பு முகத்தில் குறைவு, குரலில் நிறைய. வன்னியில் கரண்ட் இல்லாத காலத்தில் சைக்கிள் டைனமோவைச் சுற்றிச் சுற்றி ரேடியோ கேட்டோம். அப்போது அவருடைய படம் எதையும் நான் பார்த்திருக்கவில்லை. ஆனாலும் 'பழம் நீயப்பா' பாட்டில் கோபித்துக்கொண்டு நிற்கிற பிள்ளையைச் சமாதானப்படுத்துகிற ஒரு கிழவி எனக்குத் தெளிவாகத் தெரிந்தார். காதல், நகைச்சுவை, வில்லத்தனம் எல்லாம் செய்துகாட்டுகிறவரே நடிகை என்றால் இவர் அந்தப் பட்டியலில் வரமாட்டார்.

அவரைப் பார்க்கத் தொடங்குவதென்றால் 'அவ்வையார்' வேண்டாம், நீளமான படம், அலுத்துவிடும். 'பூம்புகார்' பாருங்கள். பிடித்தால் மட்டும் பின்னால் போங்கள்.