எஃகு, கஃசு, அஃகி போன்ற சொற்களில் ஃ-ஐ எப்படி ஒலிப்பது? இவற்றின் பொருள் என்ன?

‘அக்’ என்று வாசிக்கக் கூடாது. அது எழுத்தின் பெயர்தான், ஒலி அல்ல. ‘எக்கு’ என்று படித்தால் வயிற்றை உள்ளிழுப்பது என்ற வேறு சொல்லாகிவிடும். ஃ-ஐ விட்டு அடுத்த மெய்யை இரட்டித்தால் ‘கஃசு’ ‘கச்சு’ ஆகி, மார்க்கச்சையைக் குறிக்கும்.

தொல்காப்பியம் சொல்லும் இடத்தைக் கவனித்தால் ஒலி பிடிபடும். முன்னால் ஒரு குறில், பின்னால் உயிரோடு சேர்ந்த வல்லெழுத்து, நடுவில் ஃ. எஃகு சொல்லும்போது முதலில் ‘எ’யைக் குறிலாகவே ஒலியுங்கள். பிறகு ‘க’வுக்கு எழுவது போல நாக்கின் அடிப்பகுதியை உயர்த்துங்கள், ஆனால் அண்ணத்தைத் தொடவிடாமல் அந்த இடுக்கில் மூச்சை மட்டும் விடுங்கள். உடனே ‘கு’. கிட்டத்தட்ட ‘எஹ்கு’. மூச்சு அரை மாத்திரைதான், அதாவது ‘எ’ எடுக்கும் நேரத்தில் பாதி. அதை இழுத்தால் ‘எஹுகு’ என்று இல்லாத உயிர் நுழைந்து ஓர் அசை கூடிவிடும். பலரும் தடுமாறும் இடம் இதுதான்.

எஃகு இன்று உருக்கு. ‘செறுநர் செருக்கறுக்கும் எஃகு’ என்று குறள் (759) சொல்வது படைக்கருவியை.

கஃசு பழைய நிறுத்தல் அளவு: கால் பலம். ‘தொடிப்புழுதி கஃசா உணக்கின்’ (1037) என்பதில் தொடி ஒரு பலம். ஒரு பலப் புழுதி கால் பலமாகும்படி உழுது காயவிட்டால், ஒரு பிடி எருவும் வேண்டாமல் பயிர் செழிக்கும் என்கிறது. கஃசின் அளவு தெரியாவிட்டால் குறளின் கணக்கே புரியாது.

அஃகுதலுக்கு இரண்டு பொருள். ‘அஃகாமை செல்வத்திற்கு’ (178) என்றால் செல்வம் குறையாமை. ‘அஃகி அகன்ற அறிவு’ (175) என்றாலோ நுண்மையாகி விரிந்த அறிவு. இங்கே ‘குறைந்து’ என்று பொருள் கொண்டால் குறள் தலைகீழாகிவிடும். இரண்டு குறளிலும் உடன் வரும் வெஃகுதல், பிறர் பொருளுக்கு ஆசைப்படுதல்.

‘ஃபேன்’, ‘ஃபோன்’ என்று எழுதுவது பிற்கால வழக்கம். அங்கே ஃ தனியே ஒலிப்பதில்லை, ப-வின் ஒலியை மாற்றும் குறி மட்டுமே. அந்தப் பழக்கத்தைப் பழைய சொற்களுக்குக் கொண்டுபோகாதீர்கள்.

இன்னொரு வகை, புணர்ச்சியில், அதாவது இரு சொற்கள் சேரும்போது, பிறக்கும் ஃ. அல்+திணை அஃறிணை, பல்+துளி பஃறுளி, முள்+தீது முஃடீது. ‘ல ள ஈற்று இயைபின் ஆம் ஆய்தம் அஃகும்’ என்று நன்னூல் சொல்வது இவற்றைத்தான்: அரை மாத்திரை கால் மாத்திரையாகக் குறைகிறது, எனவே இங்கே மூச்சு இன்னும் மெல்லியது. (மேலே பார்த்த அஃகுதலே இங்கு இலக்கணச் சொல்லாக வந்திருப்பதைப் பாருங்கள்.) அகராதியில் கிடைக்காத சொல்லில் ஃ-க்குப் பின் ற வரிசை எழுத்து இருந்தால் ல்+த என்றும், ட வரிசை இருந்தால் ள்+த என்றும் பிரித்துத் தேடிப் பாருங்கள்.