டெலஸ்கோப் இல்லாம வால்வெள்ளி கண்டுபிடிக்கலாமா?

கேள்வி: என்ட மகன் ஓ.எல் படிக்கிறான். ராவானா மொட்டமாடியிலதான், வெள்ளி பாக்கிறன் எண்டு நிக்கிறான். இப்ப டெலஸ்கோப் வேணுமாம். அதெல்லாம் விஞ்ஞானிகள்ட வேலை எண்டு வீட்டில ஏசுறாங்க. சாதாரண ஆக்கள் வானத்தில ஏதும் கண்டுபிடிச்சிருக்காங்களா சேர்?
– ஒரு தாய், களுவாஞ்சிக்குடி

பதில்: கண்டுபிடிச்சிருக்காங்க தங்கச்சி, அதுவும் டெலஸ்கோப் இல்லாமலே. ஜப்பானில யூஜி ஹியாகுடாகே எண்டு ஒருத்தர், தொழில் அச்சுக்குப் படப் பிளேட் செய்யிறது, நல்ல இருட்டு வேணும் எண்டே ககோஷிமாப் பக்கம் குடிபோனவர். கையில 25 மடங்கு பெருசாக் காட்டுற, 150 மில்லிமீற்றர் லென்ஸ் போட்ட பைனாகுலர். 1995 டிசம்பர் கடைசியில ஒரு வால்வெள்ளியப் பிடிச்சார். மறுகா ஒரு மாதம் போக, 1996 ஜனவரி 31 விடியச்சாமம் பாத்தா, கிட்டத்தட்ட அதே இடத்தில இன்னொரு மங்கல் பொட்டு! அதுதான் மார்ச்சில பூமிக்குக் கிட்டத்தட்ட 15 மில்லியன் கிலோமீற்றர் தூரத்துக்கு வந்து வெறுங்கண்ணுக்கே நல்லாத் தெரிஞ்சது, அவர்ட பேரத்தான் அதுக்கு வெச்சாங்க.

எனக்கு இதில பெருசாத் தெரியுறது பைனாகுலர் இல்ல, அந்தப் பொட்டு முந்தி அங்க இல்ல எண்டு அவருக்குத் தெரிஞ்சதுதான். தொடக்கத்தில வால்வெள்ளிக்கு வாலும் தெரியாது ஒண்டும் தெரியாது, தூரத்து நட்சத்திரக் கூட்டங்களும் அதே மாதிரித்தான் இருக்கும், மெசியே எண்ட பிரெஞ்சுக்காரர் 100க்கு மேல பொட்டுகளப் பட்டியல் போட்டதே ஏமாறாம இருக்கத்தான். அடுத்த நாள் இடம் மாறியிருந்தா வால்வெள்ளி.

இப்ப ரோபோ டெலஸ்கோப்புகள் முந்திருது, உண்மை. ஆனா சூரியனுக்குக் கிட்ட, விடியிற வெளிச்சத்தில அதுகளுக்குக் கஷ்டம். அந்த இடத்திலதான் 2023 ஆகஸ்டில ஹிடியோ நிஷிமுரா, இவரும் ஜப்பான்காரர்தான், 200 மில்லிமீற்றர் லென்ஸ் போட்ட கெமராவால ஒண்டப் பிடிச்சார். நமக்குக் கிழக்கால கடல், அடிவானத்த மறைக்க மலையில்ல கட்டிடமில்ல, மாரி முடிஞ்சாப்பிறகு விடியச்சாமம் திருக்கோவில் பக்கக் கடற்கரையில யாரும் பெரியாக்களோட போய் நிண்டு பாக்கட்டும், இப்பிடி ஒரு வானம் எத்தனை பேருக்குக் கிடைக்கும்.

டெலஸ்கோப்ப இப்ப விடுங்க. 500 மடங்கு எண்டு பெட்டியில போட்டு விக்கிற மலிவான சாமான் ஸ்டாண்டே ஆடும், பிள்ளை வெறுத்துப்போவான். 10×50 பைனாகுலர் ஒண்டு, அதாவது 10 மடங்கு பெருசாக் காட்டுற, 50 மில்லிமீற்றர் லென்ஸ் போட்டது, வாங்கிக் குடுங்க. போன அணைச்சுப்போட்டு அரை மணித்தியாலம் இருட்டில கண்ணப் பழக்கோணும். சூரியன் கிளம்ப முந்தியே பைனாகுலரக் கீழ வெச்சிரச் சொல்லுங்க, அதால சூரியனப் பாத்தாக் கண் போயிரும்.