25 சதவீதமும் மூன்றில் இரண்டு பங்கும்: 1924 இத்தாலியத் தேர்தல்

அன்புள்ள ஆசிரியருக்கு,

இரு உலகப் போர்களுக்கு இடைப்பட்ட ஐரோப்பாவைப் பற்றிய உங்கள் கட்டுரையில் 1924 இத்தாலியத் தேர்தலை இரண்டே வரியில் கடந்துவிட்டீர்கள். 25 சதவீத ஓட்டு வாங்கினாலே மூன்றில் இரண்டு பங்கு இடம் என்று சட்டம் போட்டுத்தான் முசோலினி பெரும்பான்மை பெற்றார் என்று படித்திருக்கிறேன். ஆனால் அவர் அணிக்கு 60 சதவீதத்துக்கு மேல் விழுந்திருக்கிறதே. அப்படியானால் அந்தச் சட்டம் எதற்கு? மக்கள் விரும்பிப் போட்ட ஓட்டு என்றுதானே கொள்ள வேண்டும்?

எஸ்., திருச்சி

அன்புள்ள எஸ்.,

முதலில் கணக்கு. கீழவையில் 535 இடங்கள். 1924 ஏப்ரல் 6 அன்று அரசு ஆதரவு வேட்பாளர்களின் பெரும்பட்டியலுக்கு (ஓட்டு தனி ஆளுக்கு அல்ல, பட்டியலுக்கு) 60.1 சதவீதமும், சில பகுதிகளில் தனியாக நிறுத்திய துணைப்பட்டியலுக்கு 4.8 சதவீதமும் கிடைத்தன. கூட்டினால் ஏறக்குறைய 65. சுத்தமான விகிதாசார முறையில் இதற்கு 347 இடம் வந்திருக்கும். கிடைத்தது 374. வித்தியாசம் வெறும் 27. ஆகவே உங்கள் கேள்வி நியாயமானது. ஆனால் நீங்கள் சொல்லும் அந்தச் சட்டத்தின், அதாவது அச்செர்போ சட்டத்தின், பலனை ஓட்டு எண்ணிய நாளில் தேடக் கூடாது. அது முன்கூட்டியே தன் வேலையை முடித்துவிட்டது.

1921 தேர்தலில் பாசிஸ்டுகள் பெற்றது 35 இடம்தான். 1922 அக்டோபரில் முசோலினி பிரதமரானபோதும் அவையில் அவ்வளவுதான் பலம். பிரதமர் அலுவலகத் துணைச் செயலர் ஜாகோமோ அச்செர்போ கொண்டுவந்த மசோதா சொன்னது இது: நாடு முழுவதும் ஒரே தொகுதியாகக் கருதப்படும், முதலிடம் பெறும் பட்டியல் 25 சதவீதத்தைத் தாண்டினால் 356 இடம் அதற்கே, மிச்சம் 179 இடத்தை மற்றவர்கள் விகிதாசாரப்படி பிரித்துக்கொள்ள வேண்டும். ஒருவரும் 25 சதவீதத்தைத் தொடாவிட்டால் மட்டும் பழைய விகிதாசாரம். 1921இல் முதலிடம் பிடித்த சோஷலிஸ்டுகள் வாங்கியதே 24.7 சதவீதம். அதற்குப் பிறகு அவர்களும் உடைந்துவிட்டார்கள். இந்தக் கோட்டைத் தனியாகத் தாண்டக்கூடிய எதிர்க்கட்சி எதுவும் இல்லை.

கத்தோலிக்க மக்கள் கட்சி நினைத்திருந்தால் இதைத் தடுத்திருக்கலாம். வத்திக்கானின் அழுத்தத்தில் அதன் செயலர் பாதிரியார் லூயிஜி ஸ்டுர்ட்ஸோ 1923 ஜூலையில் பதவி விலக, கட்சி சிதறியது. வரம்பை 33 சதவீதமாக உயர்த்தச் சொன்ன முன்னாள் பிரதமர் பொனோமியின் திருத்தம் 21 ஓட்டில் தோற்றது. பார்வையாளர் மாடங்களில் கருஞ்சட்டையினர் (பாசிஸ்டுகளின் அடியாள் படை) உட்கார்ந்திருக்க, ஜூலை 21 அன்று 223க்கு 123 என்று மசோதா நிறைவேறியது. மனம் கசப்பது இந்த இடத்தில்தான். தங்கள் அவையின் அதிகாரத்தைத் தாங்களே கைதூக்கிக் கொடுத்த உறுப்பினர்களில் பெரும்பாலோர் பாசிஸ்டுகள் அல்லர்.

சட்டம் வந்ததும் பழைய லிபரல் தலைவர்களுக்கு ஒரு விஷயம் தெளிவாகிவிட்டது. பெரும்பட்டியலில் பெயர் இருந்தால் வெற்றி நிச்சயம். ஏனென்றால் அதில் நிறுத்தப்பட்ட வேட்பாளர்களே 356 பேர்தான். வெளியே நின்றால் 179இல் ஒரு துண்டுக்குச் சண்டை போட வேண்டும். முன்னாள் பிரதமர்கள் ஒர்லாந்தோவும் சலாந்திராவும் பட்டியலில் ஏறினார்கள். இன்னொரு முன்னாள் பிரதமர் ஜியோலிட்டி தனிப்பட்டியல் போட்டார். யார் உள்ளே, யார் வெளியே என்று தீர்மானித்தது அச்செர்போ உள்ளிட்ட ஐந்து பாசிஸ்டுகளின் குழு. ஆக, அந்த 60 சதவீதத்தில் லிபரல்களின் உள்ளூர்ச் செல்வாக்கும் கணிசமாகக் கலந்திருக்கிறது, தெற்கில் மிகுதியாக. வடக்கே பியெமோந்தே, லிகூரியா, லொம்பார்தியா, வெனேதோ ஆகிய நான்கு மாநிலங்களையும் சேர்த்துப் பார்த்தால் எதிர்க்கட்சிகளின் ஓட்டுதான் அதிகம். நாடு முழுவதும் ஒரே கணக்கு என்பதால் அங்கேயும் மூன்றில் இரண்டு பங்கு இடம் அரசுப் பட்டியலுக்கே போனது.

இனி 'விரும்பிப் போட்ட ஓட்டு' பற்றி. மே 30 அன்று அவையில் சோஷலிஸ்ட் தலைவர் மத்தெயோட்டி ஆற்றிய உரை இதற்கு முதன்மையான சான்று. பட்டியல் தாக்கல் செய்யவே நோட்டரி முன்னிலையில் நூற்றுக்கணக்கான கையொப்பங்கள் வேண்டும். சார்டினியாத் தீவின் இக்லேஸியாஸில் அவருடைய கட்சிக்காரர் கோர்ஸி அப்படி 300 கையொப்பம் திரட்டிக்கொண்டிருந்தபோது அவர் வீடு முற்றுகையிடப்பட்டது. தங்கள் கட்சியின் நூறு வேட்பாளரில் சுமார் 60 பேர் சொந்தத் தொகுதியில் நடமாட முடியவில்லை என்றார் மத்தெயோட்டி. ரெஜ்ஜோ எமிலியாவில் சோஷலிஸ்ட் வேட்பாளர் அந்தோனியோ பிச்சினினி பிப்ரவரியிலேயே கொல்லப்பட்டிருந்தார். கள்ள ஓட்டும் தாராளம்: அறுபது வயதுக்காரர் பெயரில் இருபது வயது இளைஞர்கள் வந்து போட்டார்கள்.

எல்லாவற்றையும்விடக் கொடியது வடக்கே போ நதிச் சமவெளியில் கையாண்ட 'மூன்றின் விதி'. வாக்களிப்பவர் ஒரு கட்சிப் பட்டியலைத் தேர்வதோடு தனக்குப் பிடித்த மூன்று வேட்பாளர் பெயரையும் சீட்டில் குறிக்கலாம். உள்ளூர் பாசிஸ்டுகள் ஒவ்வொரு வாக்காளருக்கும் வெவ்வேறு மூன்று பெயர்களை வெவ்வேறு வரிசையில் கொடுத்து, அப்படியே எழுதச் சொன்னார்கள். பட்டியலில் 20 பெயர் என்று வைத்துக்கொண்டால் 20 × 19 × 18 = 6,840 வரிசைகள் கிடைக்கும். ஒரு வாக்குச்சாவடியில் உள்ள அத்தனை பேருக்கும் தனித்தனி அடையாளம் கொடுக்க இது தாராளம். எண்ணும்போது ஒருவருக்குக் கொடுத்த வரிசை வரவில்லையென்றால், அந்த ஆள் யார் என்று உடனே தெரிந்துவிடும். வாக்குச்சாவடி அலுவலர்களும் மிகப் பெரும்பாலான இடங்களில் அவர்கள் ஆட்களே. இதில் ஒன்றைக் கவனியுங்கள். பெரும்பட்டியலின் 356 பேரும் எப்படியும் ஜெயிப்பார்கள் என்பதால் அந்த விருப்பப் பெயர்களுக்குத் தேர்தல் பயன் எதுவுமே கிடையாது. அங்கே அவை ஆளை அடையாளம் காண மட்டுமே பயன்பட்டன.

இத்தனைக்கும் நடுவே மூன்றில் ஒரு பங்குக்கு மேற்பட்டோர் எதிர்த்து ஓட்டுப் போட்டிருக்கிறார்கள். அந்தத் துணிவை நான் சாதாரணமாக எண்ணவில்லை. அவர்களின் ஓட்டு மக்கள் கட்சி, பிளவுண்ட இரண்டு சோஷலிஸ்ட் கட்சிகள், கம்யூனிஸ்ட் என்று பிரிந்துபோனது, 9, 5.9, 5, 3.7 சதவீதம்.

தேர்தல் முடிவை ரத்து செய்யக் கோரிய தீர்மானத்தை அவை 285க்கு 57 என்று தள்ளியது; 42 பேர் நடுநிலை. ஜூன் 10 அன்று மத்தெயோட்டி கடத்திக் கொல்லப்பட்டார். அச்செர்போ சட்டம் இன்னொரு தேர்தலைப் பார்க்கவில்லை. 1925இல் ஓருறுப்பினர் தொகுதிகளுக்குத் திரும்பச் சட்டம் வந்தது, அதுவும் பயன்படவில்லை. 1929 மார்ச்சில் பாசிஸ்ட் பேரவை (கட்சியின் உச்சக் குழு) தேர்ந்த 400 பெயர்களை மொத்தமாக ஏற்கிறாயா, மறுக்கிறாயா என்று மட்டும் கேட்டார்கள். 'ஆம்' சீட்டு மூவர்ணத்தில், 'இல்லை' சீட்டு வெள்ளையில்.